ஆணி ஏறிய பாதத்துக்கு எந்தக் கோடு? எஸ்91.33, எஸ்91.34, எஸ்90.85: ஓர் ஒப்பீடு

நாங்கள் செய்வது மெடிக்கல் கோடிங்: நோயாளியின் சார்ட்டைப் படித்து, நோய்க்கும் சிகிச்சைக்கும் உரிய குறியீட்டெண்ணை, அதாவது 'கோடை', இன்ஷூரன்ஸ் கிளெய்முக்காகப் போடும் வேலை. போன மாதம் எங்கள் டீமில் புதிதாகச் சேர்ந்த பெண் ஒரு எமர்ஜென்சி சார்ட்டைத் திறந்து வைத்துக்கொண்டு இருபது நிமிடமாக அதிலேயே நின்றுவிட்டாள். அமெரிக்காவில் கட்டட வேலை பார்க்கும் ஒரு தச்சர். கீழே கிடந்த பலகையில் நீட்டிக்கொண்டிருந்த ஆணியை மிதித்துவிட்டார். ஆணி ஸ்னீக்கரின் ரப்பர் அடியைத் துளைத்து, குதிகாலுக்குச் சற்று முன்னால் உள்ளங்காலில் இறங்கியிருக்கிறது. வேலை செய்யும் இடத்திலேயே அதைப் பிடுங்கிப் போட்டுவிட்டு மருத்துவமனைக்கு வந்திருக்கிறார். டாக்டர் கடைசியில் எழுதியிருந்த டயக்னோசிஸ் மூன்றே சொல்: பங்சர் வூண்ட், பாதம். வலதா இடதா என்றுகூட இல்லை.

"அக்கா, இதுக்கு நாலு கோடு வருது. எதைப் போடறது?"

அவள் குறித்து வைத்திருந்த நாலும் தேடினால் வரக்கூடியவைதான். எஸ்91.331ஏ என்றால் வலது பாதத்தில் துளைக்காயம் (பங்சர் வூண்ட்), உள்ளே பொருள் (ஃபாரின் பாடி) ஏதும் இல்லை. எஸ்91.341ஏ என்றால் அதே காயம், உள்ளே பொருள் இருக்கிறது. எஸ்91.339ஏ என்றால் எந்தப் பாதம் என்று தெரியவில்லை. எஸ்90.851ஏ என்றால் வலது பாதத்தில் மேலோட்டமாக ஏறிய பொருள். சென்னையிலும் கோவையிலும் திருச்சியிலும் உட்கார்ந்து அமெரிக்க சார்ட்டுகளைக் கோடு செய்கிற நம்மில் பலருக்கு இந்த நாலும் கைப்பழக்கமாகிவிட்டன. அந்தப் பழக்கத்தில்தான் தப்பும் நடக்கிறது. டயக்னோசிஸ் வரியை மட்டும் படித்து எஸ்91.33 போட்டுவிட்டு அடுத்த சார்ட்டுக்குப் போவதை நான் எத்தனையோ ஆடிட்டில் பார்த்திருக்கிறேன்.

2015 செப்டம்பர் வரை இந்தக் குழப்பமே இல்லை. அமெரிக்காவின் பழைய நோய்க்குறியீட்டுப் பட்டியலான ஐசிடி-9-சிஎம்மில் பாதத்தின் திறந்த காயத்துக்கு 892 என்று ஒரே தொகுதிதான். சாதாரணக் காயம் 892.0. சிக்கலான காயம் 892.1. தசைநாண் பாதித்திருந்தால் 892.2. உள்ளே பொருள் தங்கினாலும், சீழ் பிடித்தாலும், சிகிச்சைக்குத் தாமதமாக வந்தாலும் எல்லாவற்றையும் 892.1-இல் போட்டுவிடலாம். வலது, இடது என்ற கேள்வியே கிடையாது. 2015 அக்டோபர் 1 அன்று அமெரிக்கா ஐசிடி-10-சிஎம்முக்கு மாறியபோது அந்த ஒரு மூட்டையை அவிழ்த்துத் தனித்தனியாக அடுக்கிவிட்டார்கள். உலக சுகாதார நிறுவனத்தின் மூல ஐசிடி-10-இல் இதே காயம் இன்றும் எஸ்91.3 என்ற ஒரே இடத்தில்தான் விழும். அமெரிக்கப் பதிப்புதான் இவ்வளவு நுணுக்கமாகக் கேட்கிறது.

உள்ளே ஏதாவது இருந்ததா?

நாலில் உண்மையான போட்டி எஸ்91.33-க்கும் எஸ்91.34-க்கும்தான். அந்தப் பெண்ணின் வாதம் இப்படி இருந்தது: "அவரே ஆணியைப் பிடுங்கிட்டாரு. எக்ஸ்ரேல ஃபாரின் பாடி இல்லைன்னு ரிப்போர்ட் இருக்கு. அப்ப வித்தவுட் தானே அக்கா?"

பாதி சரி. வெளியே வந்துவிட்ட ஆணி ஃபாரின் பாடி ஆகாது. நோயாளி டாக்டர் முன்னால் வரும்போது காயத்துக்குள் என்ன இருந்தது என்பதுதான் கணக்கு. வீட்டிலேயோ சைட்டிலேயோ ஆணியை முழுதாகப் பிடுங்கிவிட்டு வந்தவருக்கு, வேறு எதுவும் உள்ளே இல்லையென்றால், எஸ்91.33 சரியான கோடு. ஆணி காலிலேயே இருக்க, செருப்போடு சேர்த்துத் தூக்கி வந்தவருக்கு எஸ்91.34. டாக்டர் அதை எடுத்துவிட்ட பிறகும் அது எஸ்91.34-தான். "எடுத்தாச்சே, இனி உள்ளே ஒண்ணும் இல்லையே" என்று கோடை மாற்றுவது அடிக்கடி நடக்கிற பிழை. எடுக்க வேண்டியிருந்தது என்பதே உள்ளே இருந்ததற்கு அத்தாட்சி.

மீதிப் பாதி புரொசீஜர் நோட்டில் கிடந்தது. அவள் அதுவரை ஸ்க்ரோல் செய்யவில்லை. டாக்டர் லிடோகெய்ன் போட்டு, துளையைப் பிளேடால் கொஞ்சம் அகலமாக்கி, உள்ளே ஆராய்ந்து, தோலுக்கடியிலிருந்து கறுப்பு ரப்பர் துணுக்கு ஒன்றை ஃபோர்செப்ஸால் எடுத்திருக்கிறார். நன்றாகக் கழுவி, தையல் போடாமல் திறந்தே விட்டிருக்கிறார். ஆணி போகிற வழியில் ஸ்னீக்கரின் அடியையும் ஒரு துளி வெட்டி உள்ளே தள்ளியிருக்கிறது. எக்ஸ்ரேயில் உலோகம் பளிச்சென்று தெரியும், கண்ணாடியும் பெரும்பாலும் தெரியும். மரச் சிலாம்பு, பிளாஸ்டிக், ரப்பர் போன்றவை பல நேரம் கண்ணுக்குப் படாமல் போய்விடும். ரேடியாலஜி ரிப்போர்ட் 'இல்லை' என்று சொன்னதை, கையால் எடுத்துப் பார்த்த டாக்டரின் நோட் 'இருந்தது' என்று சொல்கிறது. இங்கே டாக்டரின் நோட்தான் பேசும். டயக்னோசிஸ் வரியில் அவர் அதைத் திரும்ப எழுதவில்லை என்பதற்காக எஸ்91.33-க்கு இறங்கக் கூடாது. புரொசீஜர் நோட்டும் அவர் எழுதிய ஆவணம்தானே.

இதற்கு நேர்மாறான சார்ட்டும் வரும். "உள்ளே கண்ணாடித் துணுக்கு இருக்கலாம், சந்தேகம்" என்று எழுதி, ஆராய்ந்தும் எதுவும் கிடைக்காமல் ஸ்பெஷலிஸ்டிடம் அனுப்பியிருப்பார்கள். எமர்ஜென்சி என்பது அவுட்பேஷண்ட், அதாவது அட்மிட் ஆகாமல் பார்ப்பது. அவுட்பேஷண்டில் 'இருக்கலாம்', 'சந்தேகம்' என்பவற்றை உறுதியானதாகக் கோடு செய்ய அமெரிக்கக் கோடிங் வழிகாட்டு விதி அனுமதிப்பதில்லை. ஆகவே எஸ்91.33. அதே நோயாளி அட்மிட் ஆகி, டிஸ்சார்ஜ் ஆகும்போதும் அதே சந்தேகம் எழுதப்பட்டிருந்தால், இன்பேஷண்ட் விதிப்படி இருப்பதாகவே கொண்டு கோடு செய்யலாம். அதே காயம், அதே சொல், ஆனால் எந்தக் கட்டிலில் படுத்திருக்கிறார் என்பதைப் பொறுத்து முடிவு மாறுகிறது.

தச்சரின் சார்ட்டில் எஸ்91.33 போட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும்? பாதத்திலிருந்து பொருள் எடுத்ததற்கான சிபிடி (செய்த சிகிச்சைக்கான கோடு) 28190, அதாவது தோலுக்கடியில் இருந்ததை எடுப்பது. ஆழத்திலிருந்து எடுத்தால் 28192, சிக்கலானது என்றால் 28193. 'பொருள் எடுத்தோம்' என்று ஒரு கோடும், 'பொருளே இல்லை' என்று இன்னொரு கோடும் ஒரே கிளெய்மில் போனால் இன்ஷூரன்ஸ் நிறுவனம் திருப்பி அனுப்பத்தான் செய்யும். என் முதல் வருடத்தில் இப்படி ஒன்று டினையல் ஆகித் திரும்பியது. அன்று நான் வேலை செய்த இடத்தில் மணிக்கு இத்தனை சார்ட் என்ற கணக்கு கழுத்தைப் பிடித்தது. டயக்னோசிஸ் வரியைத் தாண்டிப் படிக்க நேரமில்லை என்று எங்களுக்கே சொல்லப்பட்டது. அந்த டினையல் என் பெயரில் வந்தது. அதைவிட வருத்தம், ஒரு நோயாளிக்கு அவர் கட்ட வேண்டாத பில் போயிருக்கக்கூடும் என்பது. அன்றிலிருந்து பாதக் காயம் என்றால் முதலில் புரொசீஜர் நோட்டைத்தான் திறக்கிறேன், பிறகுதான் டயக்னோசிஸ்.

சிலாம்பு வேறு, ஆணி வேறு

எஸ்90.85-ஐப் பலர் எஸ்91.34-இன் எளிய வடிவம் என்று நினைத்துக்கொள்கிறார்கள். அப்படி அல்ல. எஸ்90 முழுக்க மேலோட்டக் காயங்களின் தொகுதி. எஸ்90.85-க்குக் கீழே 'பாதத்தில் சிலாம்பு' என்றே குறிப்பு இருக்கிறது. மரத்தரையில் வெறுங்காலோடு நடந்து தோலில் சிலாம்பு ஏறியது, டாக்டர் ஊசி முனையால் கிளறி எடுத்தார், திறந்த காயம் என்று எதையும் எழுதவில்லை என்றால் அது எஸ்90.85-தான். டாக்டர் 'பங்சர் வூண்ட்' என்று எழுதிவிட்டால் அது திறந்த காயம், எஸ்91-க்குப் போகவேண்டும். ஒரே இடத்தில் பெரிய காயம் இருக்கும்போது மேலோட்டக் காயத்தைத் தனியாகக் கோடு செய்யக் கூடாது என்ற விதியும் இருப்பதால், இரண்டையும் சேர்த்துப் போட்டுத் தப்பிக்கவும் வழியில்லை.

அரிதாக வருவது இன்னொன்று. எப்போதோ ஏறிய உலோகத் துணுக்கு, தோல் ஆறிப்போய் வருடமாகிறது, இப்போது நடக்கும்போது உறுத்துகிறது. அங்கே திறந்த காயமே இல்லை. எம்79.5 என்ற மென்திசுவில் தங்கிய பொருளுக்கான கோடையும், பொருள் எது என்று சொல்ல இசட்18 தொகுதியையும் பார்க்க வேண்டும். இசட்18.1 உலோகம், இசட்18.33 மரம், இசட்18.81 கண்ணாடி.

எந்தக் கால், எந்த இடம்

எஸ்91.339-ஐ, அதாவது பாதம் தெரியாத கோடை, கடைசிக் கதவாகத்தான் வைத்திருக்க வேண்டும். வழிகாட்டு விதியே அதை அரிதாகத்தான் பயன்படுத்தச் சொல்கிறது. டாக்டர் பக்கத்தைக் குறிப்பிடவில்லை என்றால், நோயாளியைப் பார்த்துக்கொண்ட மற்ற மருத்துவப் பணியாளர்களின் குறிப்பிலிருந்து பக்கத்தை எடுத்துக்கொள்ள அனுமதி உண்டு. தச்சரின் சார்ட்டில் ட்ரையாஜ் நர்ஸ் 'வலது' என்று எழுதியிருந்தார். எக்ஸ்ரேயும் வலது பாதத்துக்குத்தான் எடுத்தது. போதும், வலதுதான். நர்ஸ் வலது என்றும் எக்ஸ்ரே இடது என்றும் இருந்தால் அங்கே நம்முடைய ஊகம் வேலை செய்யக் கூடாது, டாக்டருக்குக் குவெரி, அதாவது விளக்கம் கேட்கும் கேள்வி, போக வேண்டும். குவெரி போட்டால் சார்ட் ஹோல்டில் நிற்கும், அன்றைய புரொடக்‌ஷன் குறையும், லீட் முகம் சுளிப்பார். தெரிந்துகொண்டே சொல்கிறேன், போடுங்கள்.

பாதமா விரலா என்பதிலும் கண் வேண்டும். விரலுக்கு எஸ்91.1, நகம் சேதமாகியிருந்தால் எஸ்91.2. துளைக்காயம், உள்ளே பொருள் இல்லை, நகத்துக்குச் சேதமில்லை என்றால் வலது பெருவிரலுக்கு எஸ்91.131, இடது பெருவிரலுக்கு எஸ்91.132. மற்ற விரல்கள் வலதில் எஸ்91.134, இடதில் எஸ்91.135. 'பெருவிரலுக்குக் கீழே உள்ள மேடு' என்று டாக்டர் எழுதினால் 'பெருவிரல்' என்ற சொல்லைக் கண்டதும் விரல் கோடுக்கு ஓடக் கூடாது. அந்த மேடு உள்ளங்காலைச் சேர்ந்தது, கோடு எஸ்91.3-இல் இருக்கிறது.

ஆணி எலும்பையே உடைத்துத் திறந்த முறிவு ஆகிவிட்டால் எஸ்91 போடவே முடியாது. எஸ்92-இல் ஏழாவது எழுத்தாக, திறந்த முறிவைக் குறிக்கும் பி போட வேண்டும். தசைநாண் அறுந்திருந்தால் எஸ்96-உம் சேரும், அங்கே திறந்த காயத்தையும் கூடவே கோடு செய்யச் சொல்லும் குறிப்பு இருக்கிறது.

ஏ-வா, டி-யா?

கோடின் கடைசியில் வரும் ஏழாவது எழுத்துக்கு 'முதல் சந்திப்பு' (ஏ), 'அடுத்த சந்திப்பு' (டி) என்று பெயர் வைத்ததுதான் வினை. பெயரைப் பார்த்து முதல் விசிட் ஏ, இரண்டாவது டி என்று எண்ணிப் போடுகிறார்கள். விசிட் எண்ணிக்கைக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. காயத்துக்குத் தீவிர சிகிச்சை நடக்கும்வரை ஏ. சிகிச்சை முடிந்து ஆறிவரும் காலத்துக் கவனிப்பு டி. காலையில் அர்ஜென்ட் கேரில் கழுவிக் கட்டி, "உள்ளே இன்னும் ஏதோ இருக்கிறது" என்று எமர்ஜென்சிக்கு அனுப்பி, சாயங்காலம் அங்கே திறந்து எடுத்தால் இரண்டு இடத்திலும் ஏ-தான். பத்து நாள் கழித்துக் கட்டுப் பிரித்துப் பார்த்து 'நன்றாக ஆறுகிறது' என்று அனுப்பினால் டி. அந்த டி விசிட்டிலும் மூலக் காயக் கோடு மாறாது, எஸ்91.341டி என்றே போகும். பிந்திய பராமரிப்புக்கான இசட் கோடுகளைக் காயங்களுக்குப் போடக் கூடாது. ஏழாவது எழுத்தே அந்த வேலையைச் செய்துவிடுகிறது. வடு வலிக்கிறது என்று மாதங்கள் கழித்து வந்தால் முதலில் வடுவுக்கான எல்90.5, அடுத்து எஸ்91.341எஸ் (கடைசி எஸ், பின்விளைவு என்பதற்கு).

சீழ் பிடித்துத் திரும்பி வருபவர்கள்தான் இதில் கடினம். ஸ்னீக்கர் வழியாக ஆணி ஏறிய காயத்தில் சூடோமோனாஸ் கிருமி வளர்ந்து எலும்புவரை போவது மருத்துவத்தில் நெடுநாளாக அறியப்பட்ட ஆபத்து. எஸ்91-க்குக் கீழேயே 'காயத்தில் தொற்று இருந்தால் அதையும் கோடு செய்க' என்ற குறிப்பு இருக்கிறது. வலது காலில் செல்லுலைட்டிஸ் (தோலடித் தொற்று) என்றால் எல்03.115, இடது எல்03.116. வலது பாதத்தில் சீழ்க்கட்டி எல்02.611. கல்ச்சரில் (கிருமி வளர்த்துப் பார்க்கும் சோதனையில்) சூடோமோனாஸ் வந்து, டாக்டரும் அதுதான் காரணம் என்று எழுதியிருந்தால் பி96.5 சேரும். லேப் ரிப்போர்ட்டை மட்டும் பார்த்து நாமாகச் சேர்க்கக் கூடாது. எது முதலில் என்று அந்தக் குறிப்பு சொல்வதில்லை. அன்று நோயாளி எதற்காக வந்தார் என்பதே தீர்மானிக்கும். காயம் ஏற்கெனவே பார்க்கப்பட்டு, இப்போது காலெல்லாம் சிவந்து வீங்கியதால் மட்டும் வந்திருந்தால் நான் செல்லுலைட்டிஸை முதலில் வைப்பேன். டாக்டர் காயத்தை மறுபடி திறந்து ஆராய்ந்திருந்தால் எஸ்91-க்கு ஏ, காயத்தைத் தொடாமல் தொற்றுக்கு மட்டும் மருந்து கொடுத்திருந்தால் டி. இது என் கணிப்பு. இதில் வேறுபடும் ஆடிட்டர்களும் உண்டு.

சர்க்கரை நோயாளியின் பாதம்

எனக்கு அதிகம் கவலை தருவது இந்த ஒப்பீடுதான். பாத மருத்துவர் கிளினிக்கிலிருந்து வந்த ஒரு சார்ட். டைப் 2 சர்க்கரை நோய் உள்ள வயதான பெண்மணி. உள்ளங்காலில் குண்டூசி ஏறி இரண்டு நாளாகியிருக்கிறது, அவருக்குத் தெரியவே இல்லை. சாக்ஸில் ரத்தக்கறையைப் பார்த்த மகள் அழைத்து வந்திருக்கிறார். டாக்டர் எழுதியது: இடது உள்ளங்காலில் துளைக்காயம், குண்டூசி எடுக்கப்பட்டது, டயபெட்டிக் பெரிஃபெரல் நியூரோபதி (சர்க்கரை நோயால் வந்த நரம்புப் பாதிப்பு).

எங்களில் ஒருவர் இதற்கு இ11.621-உம் எல்97.52-உம் போட்டிருந்தார், அதாவது சர்க்கரை நோயால் வந்த பாதப் புண். சர்க்கரை நோய், பாதம், காயம் மூன்றும் சேர்ந்தால் கை தானாக அங்கே போகிறது. சர்க்கரை நோயோடு பாதப் புண் இருந்தால் இரண்டுக்கும் தொடர்பு உண்டு என்று கொள்ளச் சொல்லும் விதியும் அவர் மனதில் இருந்திருக்கும். அந்த விதி புண்ணுக்குத்தான், ஊசி குத்திய காயத்துக்கு அல்ல. இந்தக் காயம் வெளியிலிருந்து வந்தது. டாக்டர் எங்கும் 'அல்சர்' என்று எழுதவில்லை. சரியானது எஸ்91.342ஏ, கூடவே நரம்புப் பாதிப்புக்கு இ11.42. மாத்திரை எடுக்கிறார் என்றால் இசட்79.84, இன்சுலின் என்றால் இசட்79.4. மூன்று மாதம் கழித்து அதே இடம் ஆறாமல் நின்று, டாக்டரே 'ஆறாத புண்' என்று எழுதும் நாளில் இ11.621-க்கும் எல்97-க்கும் போகலாம். தோல் மட்டுமா, கொழுப்புவரையா, எலும்புவரையா என்று ஆழமும் அப்போது தேவைப்படும். டாக்டர் சொல்லாத நாள்பட்ட நோயை நாம் ஒருவர் மேல் எழுதினால், அது அவருடைய கிளெய்ம் வரலாற்றில் வருடக்கணக்கில் கூடவே நடக்கும்.

காயம் எப்படி ஏற்பட்டது என்று சொல்லும் வெளிக்காரணக் கோடு ஒருபோதும் முதலில் வராது. நாடு முழுவதற்கும் கட்டாயமும் இல்லை, மாநிலமோ பணம் கட்டும் நிறுவனமோ கேட்டால்தான் கட்டாயம். ஆனாலும் வேலையிடத்து விபத்து என்றால் போட்டுவிடுவது நல்லது, யார் பணம் கட்டுவது என்ற கேள்வி அங்கேதான் எழும். ஆணிக்கு டபிள்யூ45.0எக்ஸ்எக்ஸ்ஏ. உடைந்த கண்ணாடிக்கு டபிள்யூ25, முள்ளுக்கு டபிள்யூ60, தையல் ஊசிக்கு டபிள்யூ27.3, மருந்து ஊசிக்கு டபிள்யூ46. எல்லாவற்றுக்கும் 'மற்ற பொருள்' என்ற டபிள்யூ45.8 போடுகிற சோம்பலை விட்டுவிடலாம்.

தச்சருக்கு டெட்டனஸ் ஊசியும் போட்டிருந்தார்கள். கடைசி டோஸ் எட்டு வருடத்துக்கு முன்பு என்று நோட்டில் இருந்தது. அழுக்கான துளைக்காயத்துக்கு ஐந்து வருடம் தாண்டினாலே பூஸ்டர் வேண்டும். போட்டது டிடாப் என்ற தடுப்பூசி என்பதால் 90715, ஊசி போட்டதற்கு 90471, டயக்னோசிஸ் பக்கம் தடுப்பூசிக்கான இசட்23. மெடிகேர் (பெரும்பாலும் முதியோருக்கான அமெரிக்க அரசுக் காப்பீடு) நோயாளியாக இருந்தால் ஊசியைக் காயக் கோடோடு இணைக்க மறக்கக் கூடாது. காயத்துக்காகப் போட்ட டெட்டனஸ் ஊசிக்கு அதன் மருத்துவச் செலவுப் பிரிவான பார்ட் பி கட்டும், வெறும் தடுப்புக்காகப் போட்டது மருந்துச் செலவுப் பிரிவான பார்ட் டி-க்குப் போய்விடும்.

அந்தப் பெண் கடைசியில் சார்ட்டை முடித்தபோது திரையில் இருந்த வரிசை: எஸ்91.341ஏ, இசட்23, டபிள்யூ45.0எக்ஸ்எக்ஸ்ஏ, கட்டுமானத்தில் இருக்கும் கட்டடம் என்பதற்கு ஒய்92.61, கட்டட வேலை என்பதற்கு ஒய்93.எச்3, சம்பளத்துக்குச் செய்த வேலை என்பதற்கு ஒய்99.0. சப்மிட் அழுத்துவதற்கு முன் இன்னொரு முறை புரொசீஜர் நோட்டுக்குப் போய், 'கறுப்பு ரப்பர் துணுக்கு' என்ற வரியில் கர்சரை வைத்துப் பார்த்துவிட்டுத்தான் அழுத்தினாள்.